ஒரு தடவை சொன்னது

அரசியல் டாகுமெண்டரிப் படங்களுக்கு எடிட்டராக இருந்தேன் என்று சொன்னால் கேட்கிறவர்கள் இரண்டு விதமாகப் பார்ப்பார்கள். சினிமாவில் இடம் கிடைக்காமல் அங்கே ஒதுங்கியிருப்பான் என்று சிலர் நினைப்பார்கள். துப்பாக்கி தூக்கிய கூட்டத்தில் இருந்தவனோ என்று சிலர் குரலைத் தாழ்த்திக்கொள்வார்கள். முதல் ஆட்கள் நினைப்பதுதான் சரி. கொள்கையெல்லாம் எனக்குப் பின்னால் வந்தது. முதலில் வந்தது வேலை.

கண்ணமங்கலத்தில் என் அப்பா லாரிகளுக்குத் தார்ப்பாய் தைக்கும் கடை வைத்திருந்தார். நான் பள்ளிக்கூடம் முடித்ததும், மெட்ராசில் பிலிம் கழுவும் லேபில் வேலை பார்த்த மாமா ஒருவர் என்னைக் கூட்டிப்போய்க் கோடம்பாக்கத்தில் ஓர் எடிட்டிங் அறையில் சேர்த்துவிட்டார். அங்கே எடிட்டர் வெட்டுவார், நான் ஒட்டுவேன். கதாநாயகியின் கண்ணீரையும் வில்லனின் சிரிப்பையும் வருடக்கணக்கில் ஒட்டினேன். எடிட்டரின் நாற்காலிமேல் எனக்கு ஆசையே இல்லை என்று சொன்னால் அது பொய்.

நெருக்கடி நிலை முடிந்த கையோடு, படித்தவர்கள் பலருக்கு நாட்டைப் படம்பிடிக்க வேண்டும் என்று ஒரு வேகம் வந்தது. தோளில் பதினாறு எம்.எம். கேமரா, சட்டைப்பையில் ஒன்றுமில்லை. பெரிய எடிட்டர்கள் அந்தத் திசையில் தலைவைத்தும் படுக்கவில்லை. அப்படித்தான் என்னைப் போன்றவர்களுக்கு நாற்காலி கிடைத்தது. குடிசை எரிந்தது, ஆலை மூடியது, கூலி கேட்டு அடி வாங்கியது எல்லாம் டப்பா டப்பாவாக என் மேஜைக்கு வந்து சேர்ந்தன.

இந்த வேலையில் இளகிய மனசுக்காரன் உருப்பட மாட்டான். ஒரு தாய் அழுகிற காட்சியை முன்னும் பின்னுமாக ஓட்டிப் பார்த்து, அவள் மூக்கைச் சிந்துவதற்கு முன்னால் வெட்டுவதா, பின்னால் வெட்டுவதா என்று முடிவுசெய்ய வேண்டும். ஆரம்பத்தில் சோறு இறங்காது. பிறகு பழகிவிடும். நான் பழகிக்கொண்டதில் எனக்கு வெட்கம் ஒன்றும் இல்லை. ஆபரேஷன் செய்கிற டாக்டர் உட்கார்ந்து அழுதால் நோயாளிதான் சாவான்.

ஜவ்வாது மலைப் படம் வந்தது எழுபதுகளின் கடைசியில். டைரக்டர் ஒரு முன்னாள் கல்லூரி ஆசிரியர். ஒல்லியான ஆள், சட்டைக் காலர் எப்போதும் கிழிந்திருக்கும், பேச்சில் மட்டும் கிழிசல் இருக்காது. நான் வேலை செய்த டைரக்டர்களில் யோக்கியமானவர் என்று ஒருவரைச் சொல்ல வேண்டுமென்றால் இவரைத்தான் சொல்வேன். படம் சந்தன மரத்தைப் பற்றியது. மரத்தை வெட்டிய மலைக்காரன் ஜெயிலுக்குப் போகிறான், வெட்டச் சொல்லி வாங்கிய அடிவாரத்து வியாபாரி வீட்டில் காலாட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான் என்பதுதான் விஷயம். எனக்கு இது புதுச் செய்தி இல்லை. புளியும் தேனும் கடுக்காயும் மலையிலிருந்து இறங்கி வருவதைப் பார்த்து வளர்ந்தவன் நான். மலையாட்கள் ஏமாளிகள் என்பதுதான் எங்கள் பக்கத்து வியாபாரம் முழுவதற்கும் மூலதனம்.

அந்தப் படத்துக்கு உயிராக இருந்தது ஒரு ஊர்க்கூட்டம். ஊர்க் கோயில் காட்டில் நின்ற சந்தன மரத்தை ஒருவர் வெட்டிவிட்டார். அதற்காக அவர் குடும்பத்தை ஊர் விலக்கி வைத்திருந்தது. அவர் வீட்டுக்கு யாரும் நெருப்புக் கொடுப்பதில்லை, அவர் வீட்டுத் தண்ணீரை யாரும் குடிப்பதில்லை. பிறகு அவர் ஊரின் நடுவில் உட்கார்ந்து குற்றத்தை ஒப்புக்கொண்டு, தண்டமாக ஊருக்கே சோறு போட்டு, திரும்பச் சேர்ந்துகொண்டார். அவர் ஒப்புக்கொண்ட அன்று நம் கேமரா அங்கே இருந்தது. இருக்கலாமா என்று கேட்டதற்கு, கூட்டம் எல்லாருக்கும் பொது, யார் வேண்டுமானாலும் கேட்கலாம் என்று நாட்டாண்மை சொல்லியிருக்கிறார்.

அந்த மனிதர் குந்தி உட்கார்ந்து, கையால் தரையை மெழுகுவதுபோலத் தடவிக்கொண்டே பேசினார். "நான்தான் வெட்னேன். சாமி மரம்னு தெரிஞ்சேதான் வெட்னேன். கீழேர்ந்து வந்து வெட்டச் சொன்னது இன்னாருதான்" என்று அந்த வியாபாரியின் பேரைச் சொன்னார். ராத்திரியில் மரம் எந்த வழியாக இறங்கியது, யார் கண்ணை மூடிக்கொண்டார்கள் என்பதையும் சொன்னார். சாட்சி என்றால் அப்படி இருக்க வேண்டும். அவர் பேச்சை நடுவில் வைத்து, மற்ற எல்லாவற்றையும் அதைச் சுற்றி அடுக்கினேன். அவர் உண்மையைச் சொல்லப்போகும்போது கீழுதடு ஒரு தரம் உள்ளே மடங்கும். அந்த மடிப்பிலேயே வெட்டித் தொடங்குவேன். என் வேலையில் எனக்கே பிடித்த வெட்டுகள் அவை.

கூட்டத்தின் கடைசிப் பகுதி மட்டும் படத்தில் இல்லை. கேமராவில் பிலிம் தீர்ந்து, அடுத்ததை மாட்டிக்கொண்டிருந்த நேரத்தில் நாட்டாண்மை கடைசி வார்த்தையைச் சொல்லி எல்லாரும் எழுந்துவிட்டார்கள். அது கூட்டத்தைக் கலைக்கிற வழக்கமான வார்த்தையாக இருக்கும் என்று டைரக்டர் விட்டுவிட்டார். டேப்பும் ஓடவில்லை.

படத்தில் இருப்பவர்கள்தான் அதை முதலில் பார்க்க வேண்டும் என்பது டைரக்டரின் கொள்கை. புரொஜெக்டர் பழசு, பிலிமைக் கடிக்கும், அறுந்தால் ஒட்ட ஆள் வேண்டும் என்று என்னையும் கிளப்பினார். போளூரில் ஒரு ஜீப்பைப் பிடித்து, ஜெனரேட்டரையும் புரொஜெக்டரையும் ஏற்றிக்கொண்டு மலையேறினோம். என் மேஜையில் ஓடிய மனிதர்களின் ஊருக்கு நான் போனது அதுதான் முதல் தடவை.

பள்ளிக்கூடத்து ஜன்னல்களில் கம்பளிகளைக் கட்டிப் பகலிலேயே இருட்டாக்கினோம். ஊரே உள்ளே வந்து உட்கார்ந்தது. அந்த மனிதர் தன் மனைவியோடும் மகளோடும் சுவரோரமாக உட்கார்ந்தார். மகளுக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. மாப்பிள்ளை வீட்டார் வேறு ஊர். அவர்களில் இரண்டு பேர் படம் பார்க்க வந்திருந்தார்கள்.

படம் ஓடத் தொடங்கியதும் ஒரே சிரிப்பு. அவனவன் ஆட்டைப் பார்த்து அவனவன் கத்தினான். நாட்டாண்மை முதுகைச் சொறிகிற இடத்தில் அவரே சிரித்தார். பிறகு அந்த மனிதர் திரையில் குந்தி உட்கார்ந்து வாயைத் திறந்தார். "நான்தான் வெட்னேன்." சட்டென்று சத்தம் அடங்கியது. நம் வெட்டு வேலை செய்கிறது என்று எனக்குப் பெருமையாக இருந்தது. அவர் மனைவி மகளின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வெளியே போனதைப் பார்த்தபோதுதான் வேறு ஏதோ நடக்கிறது என்று புரிந்தது. நாட்டாண்மை எழுந்து வெளிச்சத்தின் குறுக்கே வந்து நின்றார்.

"நிறுத்துங்க."

நிறுத்தினேன். கம்பளிகளை அவிழ்த்தார்கள்.

"இன்னாங்க ஆச்சு?" என்றார் டைரக்டர்.

"முடிஞ்சி போன காரியங்க இது. சோறு துன்னு, கையக் கழுவி, இனிமே இத்தப் பத்தி எவன் பேசினாலும் மொதல்லேர்ந்து குத்தம்னு சொல்லித்தான் எழுந்தோம். இப்ப அவனே பேசறானே."

"அவரு இப்பப் பேசலீங்க. அது போன வருஷம் பேசினது."

"போன வருஷம் பேசினது போன வருஷமே போய்டுச்சி. இப்ப என் காதுல வுழுந்தது யாரு கொரலு?"

மலையில் எல்லா ஊரிலும் இப்படித்தானா என்று எனக்குத் தெரியாது. அந்த ஊரில் ஒரு குற்றத்தை ஒரு தடவைதான் சொல்லலாம். சொல்லி, தண்டம் கட்டிவிட்டால் அது செத்தது. எங்கள் தொழிலோ ஒரு தடவை சொன்னதை ஆயிரம் தடவை சொல்ல வைக்கிற தொழில்.

மாப்பிள்ளை வீட்டார் இருவரும் வெளியே போய்ப் புளியமரத்தடியில் நின்றார்கள். காரியம் திரும்ப உயிர்பெற்றுவிட்டால் அந்த வீடு திரும்ப விலக்கு. விலக்கு வைத்த வீட்டில் யாரும் பெண் எடுப்பதில்லை. அந்த மனிதர் எதுவும் பேசவில்லை. பேசினால் இன்னொரு தடவை பேசியதாகும்.

"எங்க தப்புங்க. தண்டத்த எங்க மேல போடுங்க" என்றார் டைரக்டர்.

"அவன் பேச்ச இங்க கொண்டாந்து வெச்சது யாரு?"

டைரக்டர் என்னைப் பார்த்தார். காட்டிக்கொடுக்கப் பார்த்தார் என்று சொல்ல மாட்டேன். கேள்விக்குப் பதில் அப்படித்தான் இருந்தது. "நான்தாங்க. ஒட்னது நான்" என்றேன்.

ஊர் கலந்து பேசியது. நாங்கள் ஊருக்குச் சோறு போட வேண்டும். அந்தப் பேச்சை எல்லார் கண் முன்னாலும் எடுத்துவிட வேண்டும். பெட்டியிலிருந்து ஒட்டுக் கருவியை எடுத்து வைத்துக்கொண்டு வாசலில் வெயிலில் உட்கார்ந்தேன். அவர் பேசிய இடங்களையெல்லாம் தேடித் தேடி வெட்டி மீதியை ஒட்டினேன். வெட்டி எடுத்ததை நாட்டாண்மை வாங்கி வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்தார். கட்டம் கட்டமாக அதே ஆள், அதே திறந்த வாய்.

"ஒருத்தன் இத்தினி பேரா இருக்கானே" என்றார்.

சாமைச் சோறு வெந்துகொண்டிருந்த அடுப்பில் அதைப் போட்டார்கள். அந்த பிலிம் ஒழுங்காக எரியாது. சுருண்டு, உருகி, நாறியது. பெண்கள் முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டு கிளறினார்கள். எல்லாரும் சாப்பிட்டோம். புளியமரத்தடிக்காரர்களும் வந்து உட்கார்ந்தார்கள், ஆனால் இலையில் கை வைக்கவில்லை. கடைசிக் கேள்வி பாக்கி இருந்தது.

தண்டம் கட்டியவனை எழுப்பி நிறுத்தி நாட்டாண்மை ஒன்று கேட்பார். போன வருஷம் கேமராவில் பிலிம் தீர்ந்த நேரத்தில் அதைக் கேட்டுவிட்டுத்தான், இனி யாரும் பேசக் கூடாது என்று சொல்லி எழுந்திருக்கிறார்கள். இப்போது என்னை எழுப்பி நிறுத்திக் கேட்டார்.

"மிச்சம் எதனா இருக்குதா?"

இல்லை என்று சொன்னால் கூட்டம் முடியும். இல்லை என்று சொல்லச் சொல்லி டைரக்டர் என்னைப் பார்த்து லேசாகத் தலையை ஆட்டினார். மெட்ராசில் லேபில் நெகடிவ் இருந்தது. அதிலிருந்து எத்தனை பிரதி வேண்டுமானாலும் எடுக்கலாம். இந்த ஊருக்கு இந்தப் பிரதி, டெல்லிக்கும் பம்பாய்க்கும் முழுப் பிரதி. அவர் பொய்க்காரர் இல்லை. அந்தப் பேச்சு அவருக்கு ஒரு மனிதரின் குற்றம் இல்லை, ஒரு வியாபாரியின் குற்றம். மலை முழுவதற்குமான சாட்சி. சொல்லப்போனால் நானும் அதே கட்சிதான். 'இல்லை' என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன்.

"இருக்குதுங்க. மெட்ராஸ்ல இருக்குது. இதோட தாய் அங்கதான் இருக்குது" என்றேன்.

ஏன் சொன்னேன் என்று எனக்கே சரியாகத் தெரியாது. நல்லவன் என்பதால் சொன்னேன் என்று எழுத ஆசைதான். அந்த மனிதரும் அவர் மகளும் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவ்வளவுதான் ஞாபகம் இருக்கிறது.

"அப்போ முடியல" என்றார் நாட்டாண்மை. "அத்தயும் கொண்டாங்க. அதுவரிக்கும் கல்யாணம் நிக்கட்டும்."

போளூர் ஸ்டேஷனில் ரயிலுக்குக் காத்திருந்தபோது டைரக்டர் என்னைப் பிடித்துக்கொண்டார்.

"ஒரு வீட்டுக் கல்யாணத்துக்காக மலையையே அடகு வைக்கிறியேய்யா. நாளைக்கு எத்தனை பேரு ஜெயிலுக்குப் போவான், தெரியுமா?"

"தெரியும் சார்."

"அப்புறம் எதுக்குச் சொன்னே?"

"அவங்க கேட்டாங்க சார். அவரோட பேச்சை ஆயிரம் ஊர்ல ஓட்டலாமான்னு நாம அவர்கிட்ட கேக்கலையே."

"கூட்டத்துல கேமரா வைக்க அனுமதி வாங்கினேன்."

"காதால கேக்கறதுக்குத்தானே சார் அனுமதி குடுத்தாங்க."

"நெகடிவ்ல கை வெச்சேன்னா அப்புறம் உன்னை யாரும் மேஜை பக்கம் சேர்க்க மாட்டாங்க. நான் சொல்றது மிரட்டல் இல்லை" என்றார். அது மிரட்டல் இல்லைதான். எங்கள் தொழிலில் பிரதியை எவ்வளவு வேண்டுமானாலும் கொத்துப் பரோட்டா போடலாம். நெகடிவ் என்பது பெற்ற வயிறு. முடிந்த படத்தின் நெகடிவை வெட்டிய எடிட்டர் என்று ஒருவனை நான் கேள்விப்பட்டதே இல்லை.

மெட்ராசுக்கு வந்ததும் லேபுக்குப் போனேன். அந்த நெகடிவை அடுக்கிக் கொடுத்ததே நான்தான் என்பதால் யாரும் எதுவும் கேட்கவில்லை. டைரக்டர் ஒரு போன் போட்டுச் சொல்லியிருந்தால் என்னை வாசலிலேயே நிறுத்தியிருப்பார்கள். அவர் போடவில்லை. ஏன் போடவில்லை என்று நான் கடைசிவரை கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. வெள்ளைக் கையுறையைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தேன். தாய் அழுகிற காட்சிகளையெல்லாம் நடுங்காமல் வெட்டிய கை, அன்றைக்குக் கத்தரிக்கோலைக் கீழே வைத்து வைத்து எடுத்தது. படம், ஒலி, மேஜையில் வெட்டிப் பழகிய வேலைப் பிரதியின் துண்டுகள் என்று எல்லாவற்றையும் ஒரு டப்பாவில் போட்டுக்கொண்டு திரும்ப மலையேறினேன்.

இந்தத் தடவை சமையல் இல்லை. கூட்டம் மட்டும் கூடியது. டப்பாவை வாங்கி நெருப்பில் கொட்டினார்கள். நாட்டாண்மை கேட்டார். "இல்லீங்க" என்றேன். எல்லாரும் துண்டை உதறிக்கொண்டு எழுந்து போனார்கள். நான் போளூர் பஸ்ஸுக்குக் காத்திருந்தேன்.

அதற்குப் பிறகு நடந்ததைச் சுருக்கமாகவே சொல்லிவிடலாம். படம் நொண்டிக்கொண்டு சில ஊர்களில் ஓடியது. வியாபாரிமேல் குற்றம் சொல்கிறீர்களே, ஆதாரம் எங்கே என்று ஒவ்வொரு கூட்டத்திலும் யாராவது ஒருவர் எழுந்து கேட்டார். அந்த வியாபாரி அடிவாரத்தில் மாடி எடுத்துக் கட்டினார். மலைக்காரர்கள் வழக்கம்போல ஜெயிலுக்குப் போனார்கள். டைரக்டர் சொன்னதெல்லாம் நடந்தது. எனக்கு மேஜை கிடைக்காமல் போகும் என்றதும் சேர்த்து. டைரக்டர் என்னைப் பற்றி எங்கும் தப்பாகப் பேசவில்லை, ஆனால் என்னைக் கூப்பிடவும் இல்லை. மற்றவர்களுக்கு அதுவே போதும். உர விளம்பரம், மாநாட்டு ஊர்வலம், பிறகு வீடியோ வந்ததும் கல்யாண கேசட் என்று பிழைப்பு ஓடியது. பத்து வீட்டுக் கல்யாணத்தை வெட்டி ஒட்டினால் ஒரு மாதம் போகும். வருத்தமாகத்தான் இருந்தது. நல்ல எடிட்டர் நான். அதைச் சொல்லிக்கொள்ள எனக்குக் கூச்சம் இல்லை.

எண்பதுகளின் நடுவில், மலையில் புதுச் சாலை போடுவதைப் படம்பிடிக்க ஒருவர் வீடியோ கேமராவோடு கிளம்பினார். வழி தெரிந்த ஆள் என்று என்னையும் சேர்த்துக்கொண்டார். வேலை சீக்கிரம் முடிந்த ஒரு நாள் நான் மட்டும் நடந்து அந்த ஊருக்குப் போனேன். எதற்கு என்று கேட்டால், நாம் செய்தது சரியா என்று ஒருவர் வாயால் கேட்க வேண்டும் போலிருந்தது. வேறு யார் சொன்னாலும் பிரயோஜனம் இல்லை, அவர்தான் சொல்ல வேண்டும். அந்தப் படத்தை யாரும் பாராட்டவில்லை, திட்டவாவது அவருக்கு உரிமை உண்டு.

அவர் வீட்டு வாசலில் உட்கார்ந்து புளி தட்டிக்கொண்டிருந்தார். தலை நரைத்திருந்தது. மகள் இடுப்பில் ஒரு குழந்தையோடு நின்றிருந்தாள், பிறந்த வீட்டுக்கு வந்திருக்கிறாள் போலிருக்கிறது. நான் போய் நின்றேன். அவர் நிமிர்ந்து பார்த்தார். அந்த முகத்தை முன்னும் பின்னுமாக எத்தனை தடவை ஓட்டியிருக்கிறேன். என்னை அடையாளம் தெரிந்துவிட்டது என்பது எனக்குத் தெரிந்தது.

"யாருங்க, எந்த ஊரு?" என்றார்.

நான் பதில் சொல்வதற்குள் மகள், "அப்பா, இவுரு அந்தப் படத்த…" என்று ஆரம்பித்தாள்.

அவர் புளியைக் கீழே வைத்துவிட்டுக் கையைத் தூக்கினார். அவள் நிறுத்திக்கொண்டாள். எனக்கு அப்போதுதான் உறைத்தது. நானும் அந்தக் காரியத்தில் ஒரு பகுதி. அது முடிந்தபோது நானும் முடிந்துவிட்டேன். என்னைத் தெரியும் என்று அவர் சொன்னால், எதனால் தெரியும் என்பதும் கூடவே வந்துவிடும். நன்றி சொல்லவும் முடியாது, திட்டவும் முடியாது. என்னாலும் எதையும் கேட்க முடியாது. கேட்டால் அதை முதலிலிருந்து தொடங்கியவன் நானாவேன்.

"கண்ணமங்கலங்க" என்றேன். "ரோட்டு வேலையப் பாக்க வந்தேன்."

"அப்படிங்களா" என்றார். கீழுதடு ஒரு தரம் உள்ளே மடங்கியது. பேசிவிடுவார் என்று நினைத்தேன். மூச்சை மட்டும் விட்டார்.

பிறகு மகளிடம் திரும்பி, "ஊருக்குப் புதுசும்மா இவுரு. நடந்து வந்துகிறாரு. உள்ள கூப்ட்டுச் சோறு போடு" என்றார்.

உள்ளே போய் உட்கார்ந்தேன். அவள் சாமைச் சோற்றைப் போட்டு, குழம்பை ஊற்றி, நான் கேட்காமலே மறுபடியும் போட்டாள். அவர் எதிரில் வந்து உட்கார்ந்து, நான் சாப்பிட்டு முடிக்கிறவரை எழுந்து போகவே இல்லை.